தீர்மானம்: எண்ணூறுக்கு அறுநூறு

நாட்டுக்கு விடுதலை கிடைத்த ஆண்டில் பிறந்தவன் நான். அந்த விடுதலையில் எனக்கும் ஒரு பங்கு வரும் என்று ஐம்பது வயதுவரை காத்திருந்தேன். வரவில்லை. ஆகவே இந்த மெர்டேக்கா என்ற விடுதலை நாள் விடுமுறையன்று, தெருவில் எல்லா வீட்டுக் கேட்டிலும் கொடி பறந்துகொண்டிருந்தபோது, என் பங்கை நானே எடுத்துக்கொள்வது என்று தீர்மானித்தேன்.

தீர்மானம் எனக்குப் புதிதல்ல. கோயில் கமிட்டியில் நான் உதவிச் செயலாளர். தீர்மானம் எழுதுவதே என் வேலை. முன்மொழிந்தவர் யார், வழிமொழிந்தவர் யார் என்று அழகாக எழுதிவிடுவேன். வீட்டில்தான் சிக்கல். இங்கே நான் முன்மொழிந்தால் வழிமொழிய ஆள் இல்லை. இருக்கிற ஒரே உறுப்பினரும் எதிர்க்கட்சி.

அந்த எதிர்க்கட்சியின் பெயர் கமலவேணி. என் மனைவி.

தீர்மானம் இதுதான்: கூடத்தில் இருக்கும் கம்ப்யூட்டரை ஒழிப்பது.

அது எங்கள் மகன் கருணாகரனுடையது. சிங்கப்பூரில் வேலை கிடைத்துப் போனபோது, பழசு, தூக்க முடியாது என்று விட்டுவிட்டுப் போனான். பின்பக்கம் பலாப்பழம் மாதிரி புடைத்த மானிட்டர். போகும் முன், அம்மாவுக்குப் பொழுது போகட்டும் என்று ஒரு விளையாட்டைச் சொல்லிக்கொடுத்துவிட்டான். திரை நிறைய வண்ண வண்ண முத்துகள். ஒரே நிறத்தில் மூன்று சேர்ந்தால் வெடிக்கும். அவ்வளவுதான் விளையாட்டு. கமலவேணி அதை 'முத்து' என்று கூப்பிடுகிறாள். என்னை அவள் அவ்வளவு செல்லமாகக் கூப்பிட்டு வெகுகாலம் ஆகிறது.

செங் வட்டாரத்தில் ஒரு தொழிற்சாலையில் நான் ஸ்டோர் கீப்பர். சாயங்காலம் காஜா பேராங் பகுதியிலிருக்கும் வீட்டுக்கு வந்து காரை நிறுத்தினால், முன்பெல்லாம் கேட் சத்தத்துக்கே அடுப்பில் தேநீருக்குத் தண்ணீர் ஏறும். இப்போது கேட் கத்திவிட்டுத் தானே ஓய்கிறது.

"கமலா, தண்ணி கலக்கலையா?"

"இருங்க. இந்த லெவல் முடியட்டும்."

"எத்தனாவது லெவல்?"

"சொன்னாப் புரியாது. உங்க லெவலுக்கு மேல."

"அரை மணி நேரமா உட்கார்ந்திருக்கேன்."

"நான் மட்டும் நின்னுக்கிட்டா இருக்கேன்?"

இதற்கு என்ன பதில் சொல்லியிருக்கலாம் என்று நான் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். யோசிப்பது என் வியாதி. தேநீர் தாமதமாவதற்காகவா எனக்குக் கோபம்? அல்லது நான் உள்ளே வரும்போது அவள் நிமிர்ந்து பார்ப்பதில்லை என்பதற்காகவா? ஒரு மனிதன் முத்துமீது பொறாமைப்படலாமா? அதுவும் தொட்டுப் பார்க்கக்கூட முடியாத முத்து. இப்படி யோசித்து யோசித்து எனக்கே என்மீது வெறுப்பு வந்தபோது, வேலிப் பக்கம் போய் நின்றேன்.

வேலிக்கு அந்தப் பக்கம் ஷரீஃபுதீன் பாய். டவுனில் மளிகைக் கடை வைத்திருப்பவர். என் வயதுதான். எல்லாவற்றுக்கும் அவரிடம் ஒரு வழி இருக்கும். சில வழிகள் ஊருக்கும் போகும்.

"பாய், வீட்டுல அந்தக் கம்ப்யூட்டர் பெரிய தொல்லையாப் போச்சு."

"வயரைப் பிடுங்கிடுங்க."

"மறுபடி மாட்டுவா."

"ஒளிச்சு வைங்க."

"நான் வயரை ஒளிச்சா அவ சோத்தை ஒளிப்பா."

பாய் தாடியைத் தடவினார். "அப்ப ஒண்ணு செய்ங்க. ரெசலூஷனை மாத்திடுங்க."

"என்னது?"

"ரெசலூஷன். எங்க சின்னவ கேமே கதின்னு கிடந்தா. கடைக்கு வர்ற ஒருத்தர் சொல்லிக்கொடுத்தாரு. அதைக் கூட்டி வச்சேன். படமெல்லாம் கடுகு மாதிரி ஆயிடுச்சு. கண்ணு வலிக்குதுன்னு தானா எழுந்து போயிட்டா. யாரும் யாரையும் திட்டல. யாரு செஞ்சதுன்னும் தெரியாது."

"யாருக்கும் தெரியாதா?"

"எனக்கும் என் வீட்டுக்காரி ரோஷன் பீவிக்கும் மட்டும்தான்."

வீட்டுக்குள் வந்து அகராதியைப் புரட்டினேன். ரெசலூஷன்: தீர்மானம். எனக்குச் சிலிர்த்துவிட்டது. கம்ப்யூட்டருக்குள்ளும் ஒரு கமிட்டி இருக்கிறது. அங்கேயும் தீர்மானம் போடுகிறார்கள். அங்கே வழிமொழிய ஆள் தேவையில்லை. விரலால் ஒரு தட்டு, நிறைவேறிவிடும். இத்தனை ஆண்டுகள் கோயிலில் வீணாக்கிவிட்டேன் என்று தோன்றியது.

மறுநாள் அவள் துணி காயப்போடப் பின்பக்கம் போன சமயம் பார்த்து உட்கார்ந்தேன். பாய் சொன்ன வழியில் உள்ளே நுழைந்தேன். கடைசியில் சின்னதாக ஒரு தண்டவாளம் வந்தது. அதில் நகரும் ஒரு கட்டை. இடது ஓரம் குறைவு, வலது ஓரம் அதிகம். கட்டை எண்ணூறுக்கு அறுநூறு என்ற இடத்தில் நின்றது. அதை ஆயிரத்து இருநூற்று எண்பதுக்குத் தள்ளினேன். திரை ஒருமுறை கண்ணை மூடித் திறந்தது. இதையே வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டது. ஆமாம் என்றேன். ஏகமனதாக நிறைவேறியது.

எல்லாம் சுருங்கிப்போயிருந்தது. எண்ணைக் கூட்டினால் படம் சிறுக்கிறது. இந்த விதி எனக்கு ஏற்கெனவே பழக்கம். வீட்டில் என் குரலைக் கூட்டும்போதெல்லாம் நான் சிறுத்துப்போவேன்.

அன்று சாயங்காலம் வந்தபோது கமலவேணி திரையில் மூக்கை வைத்து உட்கார்ந்திருந்தாள். முத்து வெடிக்கும் சத்தம் கேட்கவில்லை. எனக்கு உள்ளே இனித்தது.

"என்ன கமலா, ஒரு மாதிரி இருக்கே?"

"முத்தெல்லாம் சின்னதாத் தெரியுது."

"அப்படியா? பழைய மெஷின்தானே. மூடி வச்சிடேன்."

"மெஷினுக்கு ஒண்ணுமில்ல. நான்தான் பழசாயிட்டேன். கண்ணு மங்குது."

இதை நான் எதிர்பார்க்கவில்லை.

"அக்காவுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சது" என்றாள். புக்கிட் காதில் பகுதியில் இருக்கும் அவளுடைய அக்கா பூங்காவனத்தைச் சொல்கிறாள். "முதல்ல மங்கல். சோதிச்சுப் பார்த்தா சர்க்கரை வியாதி, இனிப்பு நீர். கண்ணுல ஆப்பரேஷன் வரைக்கும் போச்சு."

"உனக்கெல்லாம் இனிப்பு நீர் இருக்காது."

"நீங்க என்ன டாக்டரா? உங்களுக்கே இருக்கா இல்லையான்னு தெரியாது. எத்தனை வருஷமா கூப்பிடுறேன், ஒரு டெஸ்டுக்கு வந்திருக்கீங்களா?"

பேச்சு என் பக்கம் திரும்பியதால் நான் செய்தித்தாளை எடுத்துக்கொண்டேன். நன்றாக நீட்டிப் பிடித்தேன். என் கைகள் கொஞ்சம் குட்டை. அதனால்தான் எழுத்து சரியாகத் தெரிவதில்லை.

அன்றோடு வீட்டில் சீனி நின்றது. தேநீர் நேரத்துக்கு வந்தது, உண்மைதான். ஆனால் தே ஓ கோசோங்காக வந்தது. பாலும் இல்லை, சீனியும் இல்லை. வெந்நீரில் கோபம் கலந்த மாதிரி ஒரு நிறம்.

"கமலா, கண்ணு மங்கினது உனக்குத்தானே?"

"ஆமா."

"அப்ப எனக்கு ஏன் சீனி இல்ல?"

"எனக்கு எது சீனி எது உப்புன்னு தெரியல. தப்பாப் போட்டுட்டா என்ன செய்வீங்க? ரெண்டும் வேண்டாம்னு எடுத்து வச்சிட்டேன்."

"உப்பையுமா?"

"சாப்பிடும்போது தெரியும்."

தெரிந்தது.

அடுத்து வேலைகள் ஒவ்வொன்றாக என் பக்கம் நகர்ந்தன. மீனில் முள் தெரியவில்லை என்று மீன் என்னிடம் வந்தது. அரிசியில் கல் தெரியவில்லை என்று முறம் வந்தது. ஒருநாள் ஊசியும் நூலும் வந்தன. ஊசியின் காதைத் தேடி நான் வெகுநேரம் குத்திக்கொண்டிருந்தேன். நூல் தடிப்பு, ஊசி மட்டம், விளக்கு மங்கல் என்று ஒவ்வொன்றாகக் காரணம் சொன்னேன். அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண் தெரியாதவள் பார்க்கிற பார்வையாக அது இல்லை. நான்தான் கவனிக்கவில்லை. ஊசியைக் கவனித்துக்கொண்டிருந்தேன்.

எனக்கு வேறு கவலை பிடித்துக்கொண்டிருந்தது. அவள் நடக்கும்போது சுவரைத் தொட்டுக்கொண்டு நடக்க ஆரம்பித்தாள். முதலில், நான் செய்த வேலையால் ஏமாந்து பயப்படுகிறாள் என்று நினைத்தேன். வெட்கமாக இருந்தது. பிறகு அதைவிட மோசமான எண்ணம் ஒன்று வந்தது. நான் திரையைச் சுருக்கிய அதே வாரம் அவள் கண்ணும் உண்மையிலேயே கெட ஆரம்பித்திருந்தால்? சுவர் என்ன, நான் மாற்றிவைத்ததா? சுவர் அதே அளவில்தானே இருக்கிறது? அவள் கண்ணில் உள்ளதையும் திரையில் உள்ளதையும் பிரித்துச் சொல்ல உலகத்தில் ஒருவனால்தான் முடியும். அந்த ஒருவன் வாயைத் திறக்கப் பயப்படுகிறான். வேலையில் பெட்டிகளை எண்ணும்போதும் இதே நினைப்பு. இரண்டு முறை தவறாக எண்ணிவிட்டேன்.

தீர்மானத்தை வாபஸ் வாங்குவது என்று முடிவு செய்தேன். யாருக்கும் தெரியாமல் பழைய எண்ணுக்குக் கொண்டுவந்துவிட்டால், முத்து பெரிதாகும், அவள் பயம் தெளியும், சீனி திரும்பும். சுவரை அதற்குப் பிறகும் தொட்டால், அப்போது டாக்டர்.

சனிக்கிழமை காலை அவள் காய்கறி வாங்கப் பாசாருக்குப் போனாள். ரோஷன் பீவிதான் கையைப் பிடித்து அழைத்துக்கொண்டு போனார். அவர்கள் தெரு முனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டு நின்றேன். கதவைச் சாத்திவிட்டு கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தேன்.

அப்போதுதான் ஒரு விஷயம் புரிந்தது. எழுத்தையெல்லாம் நான் கடுகாக்கி வைத்திருக்கிறேன். இப்போது அந்தக் கடுகை நான் படிக்க வேண்டும். பாசார் மாலாம் என்ற இரவுச் சந்தையில் வாங்கி, யாருக்கும் தெரியாமல் சட்டைப் பையில் வைத்திருக்கும் கண்ணாடியைப் போட்டுப் பார்த்தேன். கடுகு கொஞ்சம் வீங்கியது, எழுத்தாகவில்லை. தண்டவாளம் மட்டும் கோடாகத் தெரிந்தது. எந்த ஓரம் குறைவு, எந்த ஓரம் அதிகம்? நினைவிலிருந்து தள்ளினேன். இது என் வாழ்க்கையில் வழக்கமாக நடப்பதுதான். எதிர்ப் பக்கம் தள்ளிவிட்டேன்.

திரை கறுத்தது. நடுவில் ஒரு சின்னப் பெட்டி மட்டும் மிதந்தது. ரேஞ்சுக்கு வெளியே போய்விட்டது என்று அதில் எழுதியிருந்தது. அந்த எழுத்து மட்டும் எனக்குப் படிக்கிற அளவில் பெரிதாக இருந்தது. பயத்தில் கைக்கு எட்டிய விசைகளையெல்லாம் தட்டினேன். அவற்றில் ஏதோ ஒன்று என் சார்பில் 'ஆமாம், இப்படியே இருக்கட்டும்' என்று சொல்லியிருக்க வேண்டும். மிதந்த பெட்டியும் மறைந்தது. பிற்பாடு ஒருவர் சொன்னார்: நான் ஒன்றும் செய்யாமல் கையைக் கட்டிக்கொண்டு இருந்திருந்தால், சற்று நேரத்தில் தானாகவே பழைய நிலைக்குத் திரும்பியிருக்குமாம். கையைக் கட்டிக்கொண்டிருப்பதில் நான் அனுபவசாலி. அன்றைக்குப் பார்த்து மறந்துபோனது.

அணைத்துப் போட்டேன். கறுப்பு. மறுபடி அணைத்துப் போட்டேன். பலாப்பழத்தின் முதுகில் தட்டினேன். கேட் சத்தம் கேட்டது.

கமலவேணி கூடையை வைத்துவிட்டு நேராக வந்து நாற்காலியில் உட்கார்ந்தாள். சுட்டியைப் பிடித்தாள். நான் அவள் பின்னால் நின்றேன். ஓடிவிட்டால் சந்தேகம் வரும் என்று நின்றேன்.

"என்னங்க."

"ம்."

"எல்லாம் கறுப்பா இருக்கே."

நான் குனிந்து திரையைப் பார்த்தேன்.

"உங்களுக்கு ஏதாவது தெரியுதா?"

எனக்கு இரண்டு பதில்கள் இருந்தன. தெரியவில்லை என்றால், ஏன் என்று கேட்பாள். ஏன் என்று சொன்னால், யார் என்று கேட்பாள். யார் என்ற கேள்விக்கு அந்த வீட்டில் ஒரே ஒரு விடைதான் நின்றுகொண்டிருந்தது. தெரிகிறது என்று சொன்னால் என்ன ஆகும் என்று யோசிக்க ஆரம்பிப்பதற்குள் வாய் சொல்லிவிட்டது.

"தெரியுதே."

அவள் மெல்லத் திரும்பினாள். "தெரியுதா?"

"நல்லாத் தெரியுது."

"என்ன தெரியுது?"

"முத்து."

"என்ன முத்து?"

"சிவப்பு. பச்சை. அங்கங்க நீலம்."

"சிவப்பு எங்க இருக்கு?"

"வலது மூலையில."

"எத்தனை?"

"மூணு."

"ஒண்ணா இருக்கா?"

"ஒண்ணாத்தான்."

"மூணு ஒண்ணாச் சேர்ந்தா வெடிக்கணுமே."

"இப்பத்தான் வெடிச்சது."

அவள் திரையைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். பிறகு சுட்டியை மெதுவாகக் கீழே வைத்தாள்.

"அப்ப போச்சுங்க" என்றாள். "கண்ணு சுத்தமாப் போச்சு."

சுவரைத் தொட்டுத் தொட்டு அறைக்குள் போனாள். அங்கே டெலிபோனில் யாருடனோ பேசுவது கேட்டது. வெளியே வந்து, "திங்கட்கிழமை காலையில கண் டாக்டர்கிட்ட வரச் சொல்லிட்டாங்க. லீவு போடுங்க" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை நான் மனிதனாக இல்லை. ஒரு சொல்லில் அவள் பயத்தைத் தீர்க்க முடியும். அந்தச் சொல் தொண்டைவரை வரும், வந்து உட்கார்ந்துகொள்ளும். நான் பயப்படுவது எதற்கு, அவள் திட்டுவாள் என்றா? அல்லது, இவ்வளவுதானா இந்த ஆள் என்று நினைத்துவிடுவாள் என்றா? முப்பது ஆண்டுகளாக அவள் அப்படி நினைக்காமல்தான் இருந்தாளா? மத்தியானம் மீனும் அரிசியும் என்னிடமே வந்தன. கல்லோடு சாப்பிட்டோம். அவள் குறை சொல்லவில்லை. அது இன்னும் பயமாக இருந்தது.

திங்கட்கிழமை காரை ஓட்டிக்கொண்டு போனேன். பக்கத்தில் அவள் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"சிவப்பு லைட்டு" என்றாள்.

பிரேக்கை மிதித்தேன். முன்னால் நின்ற மோட்டார் சைக்கிள்காரர் திரும்பி முறைத்தார். கண் தெரியாதவள் விளக்கை எப்படிப் பார்த்தாள் என்று அந்த இடத்திலேயே நான் கேட்டிருக்க வேண்டும். எனக்கு விளக்கே தெரியாமல் போனது ஏன் என்பதையும் கேட்டிருக்கலாம். மோட்டார் சைக்கிள்காரரிடம் கையெடுத்து மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

கிளினிக்கில் வரிசையாக நாற்காலிகள். சுவரில் பெரிய கண் ஒன்றின் படம். அது என்னையே பார்த்தது. என்னால் அதற்கு மேல் தாங்க முடியவில்லை.

"கமலா, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

"சொல்லுங்க."

"உன் கண்ணுக்கு ஒண்ணும் இல்ல."

"அப்படியா."

"நான்தான் அந்த ரெசலூஷனை மாத்தினேன். முத்தை நான்தான் சின்னதாக்கினேன். சனிக்கிழமை கறுப்பானதும் என்னாலதான். எனக்கும் கறுப்பாத்தான் தெரிஞ்சது. பொய் சொல்லிட்டேன்."

அவள் கைப்பையைத் திறந்து ஒரு மிட்டாயை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். வாசனையிலிருந்தே தெரிந்தது, இனிப்பு மிட்டாய்.

"தெரியும்" என்றாள்.

"எப்போலேர்ந்து?"

"நீங்க செய்றதுக்கு முந்தின நாள்லேர்ந்து. பாய் உங்ககிட்ட சொன்னதை அவரு வீட்டுல சொன்னாரு. ரோஷன் பீவி வேலிக்கு வந்து எங்கிட்ட சொன்னாங்க. அவங்க சின்னவளுக்கும் இப்படித்தான் பண்ணினாராம். அது மறுநாளே சரி பண்ணிடுச்சாம். அவருக்குத்தான் இன்னும் தெரியாது."

"அப்ப நீ இத்தனை நாளா…"

"நீங்க வேலைக்குப் போனதும் பெருசாக்கி விளையாடுவேன். நீங்க வர்ற நேரத்துக்குச் சின்னதாக்கி வச்சிடுவேன். சனிக்கிழமை கறுப்பாக்கினதுதான் கொஞ்சம் சிரமம். கருணாவுக்குப் போன் போட்டேன். திறக்கும்போது எஃப் எட்டுங்கிற பட்டனை அமுக்குங்கம்மான்னான். சரியாப் போச்சு. நேத்து நீங்க அரிசி பொறுக்கிக்கிட்டு இருந்தப்ப ரெண்டு லெவல் தாண்டிட்டேன்."

எனக்கு வெட்கப்படுவதா, நிம்மதியடைவதா, கோபப்படுவதா என்று தெரியவில்லை. மூன்றையும் ஒன்றாகச் செய்தேன். நிம்மதிதான் முதலில் வந்தது. அவள் கண் நன்றாக இருக்கிறது. சுவர் சுவராகத் தெரிகிறது. இத்தனை நாள் நெஞ்சில் உட்கார்ந்திருந்த பாறை எழுந்து போனது. அந்தத் தெம்பில் கோபமும் வந்தது.

"கண்ணு நல்லா இருக்கிறவளுக்குக் கண் டாக்டர் எதுக்கு? லீவு வேற போட்டிருக்கேன். எழுந்திரு, போகலாம்."

"உட்காருங்கலா" என்றாள். அதட்டவில்லை. "நீங்க ஊசியில நூல் கோக்குறதைப் பார்த்தேன். வண்டி ஓட்டுறதையும் பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன். போன மாசம் கிளேபாங்குல ஒரு கிழவரை இடிக்கப் பார்த்தீங்க. கூப்பிட்டா வரமாட்டீங்க. ஊசி குத்திப் பார்த்து இனிப்பு நீர்னு சொல்லிடுவாங்கன்னு பயம். என் கண்ணுன்னா ஓடி வருவீங்க. வந்துட்டீங்க."

அதற்குள் கதவு திறந்தது. ஒரு தாதி எட்டிப் பார்த்து, மலாய் மரியாதையோடு, "என்சிக் தேவதாஸ்" என்றாள்.

அது என் பெயர்.

உள்ளே டாக்டர் சிவகாமசுந்தரி, நல்ல சிரித்த முகம். என்னை ஒரு கருவியின் முன் உட்காரவைத்து, "சொல்லுங்கய்யா, என்ன பிரச்சினை?" என்று கேட்டார். ஒன்றுமில்லை டாக்டர், எல்லாம் தெளிவாகத் தெரிகிறது என்று சொல்லிவிட்டு எழுந்துவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

கமலவேணி முந்திக்கொண்டாள்.

"இவருக்குக் கறுப்புல முத்து தெரியுதாம் டாக்டர். வெடிக்குதாம் வேற."